பியானோவுக்கு வாய்த்த குரல்

ஹிந்தித் திரையிசையின் பெரும் பாடகருள் முகேஷைப் போலக் குறை கூறப்பட்டவர் அரிது. குரலெல்லை குறுகியது, பிருகா முதலிய அலங்காரங்கள் சொற்பம், நீட்டிய சுரம் சிலவேளை தளரும். இவற்றை நான் மறுக்க வரவில்லை. இவை காரணமாகவே அவர் பாடல்கள் பியானோவில் உயிர்பெறுகின்றன என்பதே என் கட்சி.

1923ஆம் ஆண்டு டில்லியில் பிறந்த முகேஷ் சந்த் மாத்தூர், அங்கே பொதுப்பணித் திணைக்களத்தில் சிறிது காலம் வேலை பார்த்தார். சகோதரியின் திருமணத்தில் அவர் பாடக் கேட்ட உறவினர், நடிகர் மோதிலால், அவரைப் பம்பாய்க்கு அழைத்துச் சென்று பண்டித ஜகந்நாத் பிரசாத்திடம் இசை பயில வைத்தார். 1945இல் ‘பஹலி நஸர்’ படத்துக்கு அனில் பிஸ்வாஸின் இசையிற் பாடிய பாடல் புகழ் தந்தது. ஆயினும் அதில் ஒலித்தது பெரும்பாலும் ஸைகாலின் நிழலே.

நௌஷாத் இசையமைத்த ‘அந்தாஸ்’ 1949இல் வந்தது. பின்னாளில் ராஜ் கபூரின் குரலென்றே அறியப்பட்டவர் அதில் திலீப் குமாருக்குப் பாடினார். ராஜ் கபூருக்குப் பாடியவரோ முஹம்மத் ரபி! தான் நேசிக்கும் பெண் வேறொருவனுக்கு உரியவள் என்பதை அறியாத திலீப், பியானோவின் முன் அமர்ந்து தன் உள்ளத்தைப் பாட்டாக்குகிறான்.

பியானோவிலே சுத்தியல் தந்தியைத் தட்டியதும் ஒலி தேயத் தொடங்கும். பின்னர் அதைப் பெருக்கவோ, ஒரு சுரத்திலிருந்து மற்றொன்றுக்கு வழுக்கிச் செல்லவோ வழியில்லை. வீணைக்கு இயல்பான கமகம் அதற்கு எட்டாது. ரபியின் குரல் வளைந்தோடும் இடங்கள் அதில் வெறும் படிக்கட்டாகிவிடும். முகேஷோ சுரத்தில் நேரே நின்று, சொல்லின் முடிவில் ஒலியைத் தானே தேயவிடுகிறார். ஆதலால் நான் வலக்கையால் மெட்டை மட்டும் வாசிப்பேன். அவர் மூச்சுவிடும் இடத்தில் விரலையும் எடுப்பேன். இடக்கை மெல்ல அசைந்தாற் போதும். நம் மாணவர் பலர் காதற்பாட்டென்றதும் சுரங்களை வாரி இறைக்கின்றனர். அந்தக் காதலன் விருந்தினர் நடுவே இருந்தன்றோ பாடுகிறான்? உள்ளதை முழுதும் சொல்ல அவனுக்கு ஏது இடம்?

1952ஆம் ஆண்டளவில் இந்திய வானொலி திரைப்பாடல்களை ஒதுக்கியபோது, அவற்றை இந்தியர்க்கே கொண்டு சேர்த்தது இலங்கை வானொலியின் ஹிந்தி ஒலிபரப்பு. முகேஷின் குரலும் அவ்வழியே வீடுதோறும் புகுந்தது.

1964இல் ‘சங்கம்’ படத்தில் பியானோவின் முன் அமர்ந்தவர் ராஜ் கபூர். சங்கர்-ஜெய்கிஷன் அமைத்த அப்பாட்டு, நண்பனையும் மனைவியையும் ஐயுறும் ஒருவனுடையது. இதை வாசிக்கக் கை இன்னும் கனக்க வேண்டும். வேகம் கூடினால் வெறும் கோபமாகிவிடும்.

1974ஆம் ஆண்டின் ‘ரஜனிகந்தா’ பாடலுக்குத் தேசிய விருது கிடைத்தது. 1976 ஆகஸ்ட் 27இல், லதா மங்கேஷ்கருடன் அமெரிக்காவில் இசைப்பயணம் செய்துகொண்டிருந்தவேளை, டெட்ராய்ட் நகரில் மாரடைப்பால் காலமானார். வயது 53. அவர் பாடி வைத்த பாடல்கள் சில 1977, 1978ஆம் ஆண்டுகளிலேதான் திரைக்கு வந்தன.