வீணை எஸ். பாலசந்தரின் திரைவாழ்வு: பாடலும் பாடலின்மையும்

தமிழ்த் திரைப்பட வரலாற்றில் எஸ். பாலசந்தர் (1927–1990) பெரும்பாலும் ஒரே படத்தோடு சேர்த்து நினைக்கப்படுகிறார். பாடலே இல்லாத ‘அந்த நாள்’ (1954) அவரை இயக்குநராக நிலைநிறுத்தியது. வீணை இசைக்கலைஞராக நிலைநிறுத்தியது. தாமே தயாரித்து, இயக்கி, இசையமைத்த பிற்காலப் படங்களோ ஆய்வாளர்களின் போதிய கவனத்தைப் பெறவில்லை. அவரது தற்சார்பின் இயல்பை அப்படங்களிலேயே தெளிவாகக் காணலாம் என்பது இக்கட்டுரையின் கருத்து.

சென்னையில் பிறந்த பாலசந்தர், 1934இல் வெளிவந்த ‘சீதா கல்யாணம்’ படத்தில் சிறுவனாகத் தோன்றினார். அதில் அண்ணன் எஸ். ராஜம் இராமனாகவும் தமக்கை ஜெயலட்சுமி சீதையாகவும் நடித்தனர். பாலசந்தர் எந்தக் குருவிடமும் முறையாகப் பயிலவில்லை. கஞ்சிரா, சிதார் முதலியவற்றைத் தாமே கற்றுத் தேர்ந்து, இறுதியில் வீணையைத் தேர்ந்தார். குருவழியைச் சொல்லியே ஒருவரை அறிமுகப்படுத்தும் கருநாடக இசையுலகில் இது எளிய நிலையன்று.

திரையிலும் அவர் அவ்வாறே நுழைந்தார். ‘இது நிஜமா’வில் (1948) இரட்டை வேடமேற்று இசையும் அமைத்தார், அதே ஆண்டில் ‘என் கணவர்’ படத்தை இயக்கினார். ‘கைதி’யில் (1951) இயக்கம், இசை, நடிப்பு மூன்றும் அவருடையவை.

‘அந்த நாள்’ ஏ.வி.எம். நிறுவனத்தின் படம். 1943இல் சென்னைமீது ஜப்பானியர் குண்டு வீசிய மறுநாள், வானொலிப் பொறியாளர் ஒருவர் சுடப்பட்டு இறந்துகிடக்கிறார். அவரை அறிந்தோர் ஒவ்வொருவரும் ஒவ்வொரு விதமாக நடந்ததை விவரிக்கின்றனர். குரோசாவாவின் ‘ரஷோமோன்’ இவ்வமைப்புக்குத் தூண்டுதல். ஜாவர் சீதாராமன் திரைக்கதை, உரையாடலை எழுதினார். சிவாஜி கணேசன் நாட்டுக்குத் துரோகம் செய்யும் நாயகனாக நடித்தார். பாடலும் நடனமும் இல்லாத இப்படம் பாராட்டைப் பெற்றதேயன்றி வசூலைப் பெறவில்லை. பாடலை விலக்கியவர் இசையறியாத இயக்குநர் அல்லர், இசையமைப்பாளரே என்பது கருதத்தக்கது. சாட்சிகளின் கூற்றுகள் ஒன்றையொன்று மறுத்துச் செல்லும் கதையில் பாடல் புகுந்தால் ஐயத்தின் இறுக்கம் தளரும். எனவே அவ்விலக்கு இசைமறுப்பு அன்று. இசையின் இடம் எது என்ற தீர்ப்பு.

பின்னர் எஸ்.பி. கிரியேஷன்ஸ் என்னும் சொந்த நிறுவனத்தின் வழி ‘அவனா இவன்’ (1962), ‘பொம்மை’ (1964), ‘நடு இரவில்’ (1970) ஆகியவற்றை உருவாக்கினார். இங்கே ஒரு முரண் புலப்படுகிறது. பெரும் படப்பிடிப்பு நிலையத்தின் முதலீட்டில் பாடலைத் துறந்தவர், தம் சொந்த முதலீட்டில் பாடலை மீண்டும் ஏற்றார். சொந்த நிறுவனம் கலைஞனுக்கு முழு உரிமை தரும் என்ற பொதுவான எண்ணத்தை இது கேள்விக்கு உட்படுத்துகிறது. ஏ.வி.எம். போன்ற நிறுவனம் ஒரு படத்தின் இழப்பைப் பிற படங்களால் ஈடுசெய்யும். தனியொருவரால் அது இயலாது. விநியோகஸ்தருக்கோ பாடலே விற்பனைப் பொருள்.

ஆயினும் அவர் முற்றிலும் இணங்கிவிடவில்லை. ‘பொம்மை’யின் கதை, வெடிகுண்டு மறைத்த பொம்மை ஒன்று கைமாறிச் செல்வதைப் பற்றியது. கே. ஜே. யேசுதாஸின் குரலைத் தமிழ்த் திரைக்கு அறிமுகப்படுத்திய படமும் அதுவே. படத்தின் முடிவில் கலைஞர்களையும் தொழில்நுட்பத்தினரையும் பாலசந்தரே திரையில் தோன்றி அறிமுகப்படுத்துகிறார். பல பொறுப்புகளைத் தம் ஒருவர் பெயரில் கொண்டவர் பிறர் உழைப்பை இவ்வாறு முன்னிறுத்தியது, அவரைத் தன்முனைப்பு மிக்கவராக மட்டும் காண்போர் எண்ணிப் பார்க்க வேண்டிய செய்தி.

அகதா கிறிஸ்டியின் நாவலைத் தழுவிய ‘நடு இரவில்’, முடிந்தபின் சில ஆண்டுகள் வெளிவர இயலாது கிடந்தது. அதன்பின் அவர் படம் இயக்கவில்லை. 72 மேளகர்த்தா இராகங்களையும் வீணையில் வாசித்து இசைத்தட்டுகளாகப் பதிவு செய்தார். 1982இல் பத்மபூஷண் விருது அவருக்கு வழங்கப்பட்டது. வீணைக் கலைஞராகவே அதைப் பெற்றார்.