ஏ. கே. செட்டியாரின் காந்தி ஆவணப்படமும் அக்கால அரசியல் சூழலும்

தமிழில் ஆவணப்பட வரலாறு ஏ. கே. செட்டியாரிடமிருந்தே தொடங்குகிறது. எனினும் பயண நூலாசிரியர், ‘குமரி மலர்’ இதழாசிரியர் என்னும் அடையாளங்களே அவருக்கு நிலைத்தன. திரைப்பட ஆய்வுகள் அவரைப் பெரும்பாலும் ஓரிரு வரிகளில் கடந்து சென்றுள்ளன.

செட்டிநாட்டுக் கோட்டையூரில் 1911இல் பிறந்த அண்ணாமலை கருப்பன் செட்டியார், இளமையில் இரங்கூனில் ‘தனவணிகன்’ இதழின் ஆசிரியராகப் பணியாற்றினார். பின்னர் டோக்கியோவிலும் நியூயார்க்கிலும் ஒளிப்படக் கலை பயின்றார். 1937 அக்டோபர் 2 அன்று, நியூயார்க்கிலிருந்து அயர்லாந்து நோக்கிச் சென்ற கப்பலில் காந்தியைப் பற்றிய படம் எடுக்கும் எண்ணம் அவருக்குத் தோன்றியது. அப்போது அவருக்கு வயது இருபத்தாறு நிரம்பவில்லை.

இப்படத்திற்குரிய காட்சிகளிற் பெரும்பகுதி புதிதாக எடுக்கப்பட வேண்டியதன்று. ஏற்கெனவே எடுக்கப்பட்டு உலகெங்கும் சிதறிக் கிடந்தது. முப்பது ஆண்டுக்காலத்தில் நூற்றுக்கு மேற்பட்ட ஒளிப்பதிவாளர்கள் பதிவுசெய்தவற்றைத் தேடி அவர் இந்தியாவிலும் ஐரோப்பாவிலும் தென்னாப்பிரிக்காவிலும் அலைந்தார். செய்திப்பட நிறுவனங்களுக்கு அவை அன்றாடச் சரக்கு. செட்டியாருக்கோ வரலாற்றுச் சான்று. இவ்வேறுபாட்டை உணர்ந்ததே அவருடைய தனிச்சிறப்பு எனலாம். திரண்ட சுமார் 50,000 அடிப் படச்சுருள் 12,000 அடியாகச் சுருக்கப்பட்டது. திரையில் அது ஏறத்தாழ இரண்டேகால் மணி நேரம் ஓடக்கூடியது.

காலமோ சாதகமாக இல்லை. 1918ஆம் ஆண்டின் ஒளிப்படக்காட்சிச் சட்டப்படி எந்தப் படமும் தணிக்கைச் சான்றின்றிப் பொதுத்திரைக்கு வர இயலாது. 1937இல் காங்கிரசு அமைச்சரவை அமைந்தபின் தணிக்கையின் பிடி தளர்ந்திருந்தது. 1939 அக்டோபரில் அவ்வமைச்சரவை பதவி விலகவே, சென்னை மாகாணம் ஆளுநர் ஆட்சியின்கீழ் வந்தது. போர்க்காலக் கட்டுப்பாடுகளும் சேர்ந்துகொண்டன. படம் திட்டமிடப்பட்டது ஓர் அரசியலில். முடிக்கப்பட்டது வேறோர் அரசியலில். இந்நிலையிலேயே 1940 ஆகஸ்டு 23 அன்று தமிழ்ப்படம் வெளிவந்தது. தெலுங்கு வடிவமும் தொடர்ந்தது.

எட்டு வாரம் கழித்து, அக்டோபர் 17இல் தனிநபர் சத்தியாக்கிரகம் தொடங்கிற்று. பாலாற்றங்கரைப் பள்ளிகொண்டாவை அடுத்துள்ள வேலூரின் மத்தியச் சிறையில் காமராசர் உள்ளிட்ட காங்கிரசார் அடைக்கப்பட்டனர். தலைவர்கள் சிறையிலிருக்க, அவர்தம் தலைவரின் வாழ்க்கை மட்டும் திரையில் தடையின்றி ஓடியிருக்க வாய்ப்பில்லை. பறிமுதலுக்கு அஞ்சிப் படச்சுருள்கள் மறைத்துவைக்கப்பட்டன. 1947இல் நாடு விடுதலை பெற்ற வேளையில் டெல்லியில் இந்தி வடிவம் காட்டப்பட்டது. 1953இல் ஆங்கில வடிவம் அமெரிக்காவில் வெளியாயிற்று.

செட்டியார் தம்மை முன்னிறுத்திக்கொண்டவரல்லர். தம் ஒளிப்படம் அச்சேறுவதைக்கூட விரும்பாதவர். 1943இல் தொடங்கிய ‘குமரி மலர்’ இதழில், கிடைத்தற்கரிய பழைய கட்டுரைகளைத் தேடித் தொகுத்து வெளியிட்டார். படச்சுருள் தேடிய அதே கண்ணே இங்கும் செயற்பட்டது. படம் உருவான வரலாற்றை அவர் எழுதிய கட்டுரைகளை ஆ. இரா. வேங்கடாசலபதி ‘அண்ணல் அடிச்சுவட்டில்’ என்னும் நூலாகப் பதிப்பித்துள்ளார்.

1983இல் செட்டியார் மறைந்தார். 1940இன் தமிழ் மூலப்படம் முழுவடிவில் இன்று ஆய்வாளர்க்குக் கிட்டுவதில்லை. சுருக்கப்பட்ட ஆங்கில வடிவமே கையில் உள்ளது. படத்தின் முதல் தமிழ் வடிவைப் பற்றி அறிய விழைவோர்க்கு அவர்தம் உரைநடையே முதன்மைச் சான்றாக எஞ்சுகிறது.