தமிழ்ப் பேசும்படத்தின் முதற் கதாநாயகி

படம் பார்க்காத வாலிபர் நம்மிடையே அரியர். ஆயினும், தமிழ்ப் பேசும்படத்தில் முதன்முதற் கதாநாயகியாகத் தோன்றியவர் யாரென வினவின் விடைகூற வல்லார் மிகச் சிலரே. அவர்தாம் ரி. பி. இராஜலட்சுமி அம்மையார்.

தியாகராஜ சுவாமிகள் வாழ்ந்து பாடிய திருவையாற்றிலே, 1911ஆம் ஆண்டு, அந்தணர் குடும்பத்திற் பிறந்தவர் அம்மையார். விளையாடும் பருவத்திலேயே அவருக்கு மணமுடித்து வைத்தனர், அவ்வாழ்வு நிலைக்கவில்லை. தந்தையாரும் காலமானார். தாயாருடன் திருச்சிராப்பள்ளி சென்ற சிறுமி, பிழைப்புக்காக சி. எஸ். சாமண்ணாவின் நாடகக் குழுவிற் சேர்ந்தார். மேடையேறும் பெண்ணின் பாட்டை இரவெல்லாம் கேட்டு மகிழ்ந்தவர்களே, பகலில் அவளைத் தம் வாயிற்படி ஏற்ற விரும்பாத காலம் அது.

1931 மார்ச்சில் 'ஆலம் ஆரா' என்னும் முதல் இந்தியப் பேசும்படத்தை வெளியிட்ட பம்பாய் ஆர்தேஷிர் இரானி, அவ்வாண்டிலேயே எச். எம். ரெட்டியின் நெறியாள்கையில் 'காளிதாஸ்' படத்தை எடுத்தார். அதில் அம்மையாரே இராஜகுமாரி. அவர் தமிழிற் பேச, நாயகர் பி. ஜி. வெங்கடேசன் தெலுங்கிற் பேசினார்! இன்றைய இளைஞர் நகைப்பர்; அன்று நிழலுருவம் வாய்திறந்ததே பேரதிசயம். கதையோடு சற்றும் ஒட்டாவிடினும், தியாகராஜ கீர்த்தனைகளையும் காந்தியடிகளின் இராட்டையைப் போற்றும் பாட்டையும் அம்மையார் பாடினார். படச்சுருள் சென்னை சென்ட்ரல் நிலையத்தில் வந்திறங்கியபோது, சுவாமி ஊர்வலம்போல் தேங்காய் உடைத்துப் பூத்தூவி மக்கள் பின்தொடர்ந்தனர். அக்டோபர் 31இல் கினிமா சென்ட்ரலிற் படம் வெளியாயிற்று.

1933இல் சாமிக்கண்ணு வின்சென்ட் எடுத்த 'வள்ளி திருமணம்' பெருவெற்றி பெற்றது. அம்மையாரே வள்ளி, நாரதராக நடித்தவர் ரி. வி. சுந்தரம். வள்ளியை முருகனுக்குச் சேர்த்துவைக்க வந்த நாரதரே பின்னர் நாயகியின் கரம்பற்றினார் என்பது சுவையான செய்தி!

எனினும், நடிகை என்ற பெயரோடு அம்மையார் அமைந்துவிடவில்லை. தாம் எழுதிய 'கமலவல்லி' என்னும் நாவலையே 1936இல் 'மிஸ் கமலா' என்ற படமாக்கினார். கதை, தயாரிப்பு, நெறியாள்கை, நடிப்பு யாவும் அவருடையனவே. தென்னிந்தியாவில் அதற்குமுன் எந்தப் பெண்ணும் படமொன்றை நெறிப்படுத்தியதில்லை. கல்வியும் துணையும் வாய்க்காத குழந்தை மணப்பெண் ஒருத்தி இவ்வளவும் செய்தாள் என்பதே எமக்குப் பெருவியப்பு. பெண் மகவென்பதாற் கொல்லப்படவிருந்த சிசுவொன்றை மீட்டு, தம் பிள்ளையாகவே வளர்த்ததை நடிப்பினும் மேலான செயலென யாம் கருதுகிறோம்.

படவுலகம் புதியவரை நாடிச் சென்றது. அம்மையாரின் வாய்ப்புகள் குறைந்தன. 1961இல் சென்னை அரசின் சங்கீத நாடக சங்கம் அவருக்கு விருதளித்தது. மூன்றாண்டுகளின் பின், 1964இல், அவர் காலமானார். 'காளிதாஸ்' படத்தின் பிரதியொன்றேனும் எஞ்சவில்லை. 'மிஸ் கமலா'வும் அவ்வாறே மறைந்தது.