விண்ணினின்று இறங்கிய வங்க வீரர்

காவலூர் வானாய்வுக் கூடம், ஜவ்வாது மலைமீது, கடல்மட்டத்துக்கு மேல் 725 மீட்டர் உயரத்தில் உள்ளது. அம்மலைப் பாதையில் ஓரிடத்தே நின்று கீழே நோக்கியபொழுது எனக்குக் கால் தளர்ந்தது. அன்று என் நினைவில் எழுந்தவர் ராமசந்திர சட்டர்ஜி.

இவர் கல்கத்தாவில் சர்க்கஸ் கூட்டமொன்றில் தேகவித்தை செய்துவந்தவர். வங்காளியர் கோழைகளென்று ஆங்கிலேயர் பலர் இகழ்ந்துவந்த காலம் அது. 1889-ஆம் ஆண்டில் பெர்ஸிவல் ஸ்பென்ஸர் என்னும் ஆங்கிலேயர் அந்நகரில் பலூனேறிப் பாரசூட்டினால் இறங்கிக் காட்டினார். சட்டர்ஜி அவரிடம் மாணாக்கராயினார். ஏப்ரலில் ஆசிரியரோடும், மே 4-ஆம் நாள் தனித்தும் விண்ணேறினார். 1890 மார்ச் 22-இல் பாரசூட்டினால் இறங்கினார். இந்தியருள் இது முதன்முதலாகச் செய்தவர் இவரே.

அக்காலத்துப் பாரசூட்டு முதுகுப்பையில் மடித்து வைக்கப்படுவதன்று. மெல்லிய கயிற்றினால் பலூனின் பக்கத்தே தொங்கும். குதிப்பவர் பாரத்தினால் கயிறு அறும். துணி காற்றையேற்று விரியுமளவும் அவர் கல்லைப்போல் வீழவேண்டும். அச்சில விநாடிகளே சோதனை முழுவதும்! உயரத்தினும், பிடியை விடுதலே பேரச்சந் தருவதென்பது என் கருத்து. சர்க்கஸ்காரர்க்கோ அது நாடோறும் பழகிய தொழில்.

பின்னாளில் இவ்வீழ்ச்சி எவ்வளவு வளர்ந்தது! அமெரிக்கரான ஜோசப் கிட்டிங்கர் 1960-இல் 1,02,800 அடி உயரத்தினின்று குதித்தார். அது காவலூரின் உயரத்தைப்போல் ஏறக்குறைய 43 மடங்கு. அங்கே காற்று மிக அருகியிருத்தலின் வீழ்வோரைத் தடுப்பது யாதுமில்லை. வேகம் பெருகிக்கொண்டே போகும். காற்றழுத்தம் குன்றுதலால், காப்புடையின்றேல் உடல் நீர் ஆவியாகும். கிட்டிங்கரின் வலக்கையுறை பழுதுபட்டுக் கை வீங்கியது. ஏற்றத்தை நிறுத்திவிடுவார்களென்று அவர் நெடுநேரம் அதனை மறைத்தார். 2012-இல் ஒலியின் வேகத்தையும் விஞ்சி வீழ்ந்த பெலிக்ஸ் பௌம்கார்ட்னரோ, குதித்தற்கு அஞ்சினாரல்லர். அவ்வுடையினுள் அடைபட்டிருத்தற்கே அஞ்சினார். அவ்வச்சத்தை நீக்க மனநூல் வல்லுநர் ஒருவர் வேண்டியிருந்தது.

சட்டர்ஜிக்குக் காப்புடையுமில்லை, மனநூல் வல்லுநருமில்லை. வடநாட்டு நகரங்கள் பலவற்றிலும் பலூனேறிக் காட்டிய அவர், 1892-ஆம் ஆண்டிலேயே இறந்துபோனார்.