ஜெய்பால் சிங் முண்டா (1903 – 1970)



நேரு, காந்தி, காமராசர் பற்றியெல்லாம் நம்ம சுவர் இதழில் நிறையப் பேர் எழுதிட்டாங்க. நான் எழுதப் போறது நம்மைப் போலவே பழங்குடி வீட்டில் பிறந்த ஒருவரைப் பற்றி. ஒலிம்பிக் ஹாக்கியில் இந்தியா முதன்முதலில் தங்கம் வாங்கியது 1928-ல். தியான்சந்த் பேரைச் சொன்னா எல்லாருக்கும் தெரியும். அந்த அணிக்கு கேப்டன் யாருன்னு கேட்டா நிறையப் பேருக்குத் தெரியாது. அவர்தான் ஜெய்பால் சிங்.

1903 ஜனவரி 3-ல் ராஞ்சிக்குப் பக்கம் குந்தி பகுதியில் தக்ரா என்ற கிராமத்தில் பிறந்தார். முண்டா இனம். சின்ன வயதில் மாடு மேய்த்தவர். ராஞ்சியில் புனித பால் பள்ளியில் படித்தார். அந்தப் பள்ளித் தலைமையாசிரியர் காஸ்கிரேவ் என்ற பாதிரியார், பையன் படிப்பிலும் விளையாட்டிலும் கெட்டிக்காரனா இருக்கானேன்னு இங்கிலாந்துக்கே கூட்டிட்டுப் போனார். அங்கே ஆக்ஸ்போர்டு பல்கலைக்கழகத்தில் படித்து, ஹாக்கியில் 'புளூ' என்ற பெரிய மரியாதையும் வாங்கினார்.

அப்புறம் ஐ.சி.எஸ். தேர்வில் பாஸ் ஆனார். ஐ.சி.எஸ்.ன்னா இப்போ இருக்கிற ஐ.ஏ.எஸ். மாதிரி. வெள்ளைக்காரர் காலத்தில் அதைவிடப் பெரிய வேலை கிடையாது. அந்தப் பயிற்சியில் இருக்கும்போதுதான் ஒலிம்பிக் அணிக்கு கேப்டனா வரச் சொல்லி அழைப்பு வந்தது. லீவு கேட்டார், கொடுக்கல. கேட்காமலே ஆம்ஸ்டர்டாம் கிளம்பிட்டார்!

அங்கே இந்தியா 5 ஆட்டம் ஆடியது. போட்டது 29 கோல், வாங்கியது ஒன்றுகூட இல்லை. தியான்சந்த் மட்டும் 14 கோல். கடைசி ஆட்டத்தில் ஹாலந்து நாட்டை அவங்க ஊர்லயே 3-0ன்னு ஜெயிச்சாங்க. ஆனா அந்தக் கடைசி ஆட்டத்தில் ஜெய்பால் சிங் ஆடவில்லை, முன்னாடியே அணியை விட்டுப் போயிட்டார். இதைப் படிச்சப்போ எனக்கு வருத்தமா இருந்தது.

லீவு இல்லாமல் போனதுக்காக இன்னும் ஒரு வருஷம் பயிற்சி எடுக்கணும்னு அதிகாரிகள் சொன்னாங்க. அவர் ஐ.சி.எஸ். வேலையே வேண்டாம்னு விட்டுட்டார். நம்ம வீட்டில் யாராவது இப்படிச் செய்தா சும்மா விடுவாங்களா? யோசிச்சுப் பாருங்க. அப்புறம் எண்ணெய்க் கம்பெனியில் வேலை பார்த்தார். ஆப்பிரிக்காவில் வாத்தியாரா இருந்தார். பிகானீர் சமஸ்தானத்திலும் வேலை செய்தார்.

1939-ல் ராஞ்சியில் நடந்த ஆதிவாசி மகாசபைக்குத் தலைவரானார். ஜனங்க அவரை 'மரங் கோம்கே' என்று கூப்பிட்டாங்க. அப்படீன்னா பெரிய தலைவர்.

1946-ல் நம் நாட்டுக்கு அரசியல் சட்டம் எழுத ஒரு சபை கூடியது. அதில் இவரும் உறுப்பினர். டிசம்பர் 19-ஆம் தேதி எழுந்து பேசினார். நம்மைக் கேலி பண்றவங்க காட்டுவாசின்னு சொல்வாங்க இல்லையா, அந்தப் பேருக்கு நான் பெருமைப்படுகிறேன் என்ற அர்த்தத்தில் பேசினார். குடியாட்சியை ஆதிவாசிகளுக்கு யாரும் கற்றுத்தர வேண்டாம், அவங்க கிட்டேயிருந்துதான் மற்றவங்க கற்றுக்கணும்னார். சபையில் பெண்கள் ரொம்பக் குறைவுன்னும் சொன்னார். இதை அக்காமார்கள் கவனிக்கவும்.

நம்ம சாதிச் சான்றிதழில் எஸ்.டி. என்று இருக்கும். சட்டத்தில் அந்தப் பேரு வேண்டாம், ஆதிவாசின்னே எழுதணும்னு அவர் வாதாடினார். ஒத்துக்கல. மதுவிலக்கு பற்றிப் பேச்சு வந்தப்போவும் எதிர்த்தார். அவங்க ஊரில் சோற்றைப் புளிக்க வைத்து ஒரு பானம் செய்வாங்க. சாமிக்குப் படைக்கவும், நாற்று நடும் வேலையிலும் அது இருக்கும். அதைத் தடுத்தா அவங்க சாமி கும்பிடுறதையே தடுத்த மாதிரின்னு சொன்னார். குடிக்கிறது நல்லதுன்னு நான் எழுதவில்லை, டீச்சர் தப்பா நினைக்க வேண்டாம். ஆனா அவர் கிறிஸ்தவப் பள்ளியில் வளர்ந்தவர். இருந்தும் தன் ஜனங்க பழைய சாமிக்காகப் பேசினார் பாருங்க, அது எனக்குப் பிடித்தது.

பீகாரிலிருந்து தனி மாநிலம் வேணும்னு ஜார்க்கண்ட் கட்சி நடத்தினார். 1952 தேர்தலில் சேவல் சின்னத்தில் நின்று பீகார் சட்டசபையில் 32 இடம் ஜெயிச்சாங்க. 1963-ல் அந்தக் கட்சியை காங்கிரசில் சேர்த்தது அவர் ஆட்களிலேயே பல பேருக்குப் பிடிக்கல. மாநிலம் கிடைக்காமலே 1970 மார்ச் 20-ல் டில்லியில் இறந்தார். ஜார்க்கண்ட் மாநிலம் பிறந்தது 2000 நவம்பர் 15-ல்.

அந்தப் பக்கத்து கிராமங்களில் ஹாக்கி இப்பவும் உண்டு. மூங்கில் வெட்டி மட்டை செய்துகூட ஆடுவாங்களாம். ஜெயிச்ச அணிக்குக் கோப்பை கிடையாது, ஆட்டுக்கிடா! அதை அடிச்சு எல்லாரும் சேர்ந்து விருந்து சாப்பிடுவாங்க. நம்ம மலையிலும் ஆட்டுக்குக் குறைச்சல் இல்லை, பி.டி. சார் யோசிக்கலாம்.

அவர் பிறந்த அதே குந்தி மாவட்டத்தில் ஹேசல் என்ற ஊர்ப் பொண்ணு நிக்கி பிரதான், 2016-ல் ரியோ ஒலிம்பிக்கில் இந்தியாவுக்காக ஹாக்கி ஆடினார். ஜார்க்கண்டிலிருந்து ஒலிம்பிக் ஹாக்கிக்குப் போன முதல் பெண் அவர்தான்.