கழற்றிப் பூட்டியவர்: ஜி.டி. நாயுடுவும் எங்கள் வீட்டுப் பார்க் லைட்டும்

சிலாபம் – புத்தளம் வீதியிலிருந்து உடப்புப் பக்கம் திரும்பினால் தெரு விளக்குகள் குறைந்துவிடும். வழியெல்லாம் இறால் பண்ணைகள், ஒல்லாந்தர் காலத்துக் கால்வாய், இடையிடையே நாய்களும் மாடுகளும். பொழுதுபட்ட பிறகு அந்தப் பாதையில் நமக்கு வழி தெரிவது மட்டும் போதாது. நாம் வருவது மற்றவருக்கும் தெரிய வேண்டும். சென்ற மாதம் ஒரு மாலை, எதிரே வந்தவர் என்னை மறித்து, காரின் இடப்பக்கத்துப் பார்க் லைட் எரியவில்லை என்றார். ஒற்றை வெளிச்சத்தைப் பார்த்து மோட்டார் சைக்கிள்தான் வருகிறது என்று நினைத்துவிட்டாராம். கடைசி நேரத்தில்தான் ஒதுங்கியிருக்கிறார்.

மறுநாள் கராஜுக்குக் கொண்டுபோகிறேன் என்று வீட்டில் சொன்னேன். அப்பாவுக்குப் பிடிக்கவில்லை. கூலி கொடுப்பது அவருக்குப் பெரிய விடயமில்லை. திறந்துகூடப் பார்க்காமல் ஒரு பொருளைப் பழுது என்று இன்னொருவர் கையில் கொடுப்பதைத்தான் அவரால் பொறுக்க முடியாது. யாழ்ப்பாணத்தில் வாடகைக் கார் ஓட்டிய காலத்திலேயே, இந்தியாவிலிருந்து வந்த ஏதோ ஒரு சஞ்சிகையில் ஜி.டி. நாயுடுவின் கதையைப் படித்திருக்கிறார். அன்றிலிருந்து எங்கள் வீட்டில் அந்தப் பெயர் ஒரு சொந்தக்காரரின் பெயர்போல ஆகிவிட்டது. சின்ன வயதில் நான் கடிகாரத்தைக் கழற்றிவிட்டுப் பூட்டத் தெரியாமல் முழித்தபோதும் எனக்கு அடி விழவில்லை. நாயுடு கதைதான் கிடைத்தது.

அந்தக் கதையை நான் இப்போது சரியாகத் தேடிப் படித்ததற்கு இந்த மின்குமிழும் ஒரு காரணம். இன்னொரு காரணம், 2025 ஒக்டோபரில் கோயம்புத்தூர் அவிநாசி சாலையில் திறக்கப்பட்ட 10.1 கிலோமீற்றர் நீள மேம்பாலத்துக்கு அவருடைய பெயர் வைக்கப்பட்ட செய்தி. இணையத்தில் சுற்றும் நாயுடு கதைகளில் பல ஊதிப் பெருத்தவை என்றே எனக்குப் படுகிறது. ஊதாமல் சொன்னாலே போதுமான வாழ்க்கை அது.

கோபால்சாமி துரைசாமி நாயுடு 1893 மார்ச் 23 இல் கோயம்புத்தூருக்குப் பக்கத்தில் கலங்கல் என்ற கிராமத்தில் பிறந்தார். விவசாயக் குடும்பம். பள்ளிக்கூடம் அவருக்கு ஒத்துவரவில்லை. ஆசிரியர்கள்மேல் மண்ணை வாரி எறிந்ததற்காக வெளியேற்றப்பட்டார் என்பார்கள். 1912 இல் ஆங்கிலேய வருவாய்த்துறை அதிகாரி ஒருவர் ஊருக்குள் ஒரு றட்ஜ் மோட்டார் சைக்கிளில் வந்தார். மாடோ குதிரையோ இழுக்காமல் ஓடுகிற ஒன்றை அந்த 19 வயது இளைஞர் பார்த்தார். பிறகு அவருக்கு வேறு நினைப்பே இல்லை.

வாங்கக் காசு இல்லை. கோயம்புத்தூருக்குப் போய் ஒரு ஹோட்டலில் பரிமாறும் வேலையில் சேர்ந்தார். மூன்று வருடங்கள் இலை போட்டு, சாப்பாடு வைத்து, 400 ரூபாய் வரை சேர்த்தார். அந்த அதிகாரியிடமிருந்தே அந்த வண்டியை வாங்கினார். அதில் ஊர் சுற்றினார் என்றால் கதை அங்கேயே முடிந்திருக்கும். அவர் அதை ஒவ்வொரு துண்டாகக் கழற்றினார், பிறகு பூட்டினார், மறுபடி கழற்றினார். கற்றுக்கொடுக்க ஆளில்லாத ஊரில் அந்த இயந்திரமே வாத்தியாராக இருந்தது. அப்படித்தான் அவர் ஒரு மெக்கானிக் ஆனார்.

இந்த இடத்தில் விளக்கைப் பற்றி ஒரு வார்த்தை. அந்தக் காலத்து மோட்டார் வாகனங்கள் பலவற்றில் முன்விளக்கு என்பது கார்பைட்டும் தண்ணீரும் சேர்ந்து உண்டாகும் அசெற்றிலின் வாயுவில் எரிந்த சுடர். கார்களின் பக்க விளக்குகளோ எண்ணெய் விளக்குகள். வண்டிலில் தொங்கவிடும் மண்ணெண்ணெய் லாம்பைக் கொஞ்சம் அழகாக்கிக் காரின் இரு பக்கமும் மாட்டியிருந்தார்கள். 1912 இல் அமெரிக்காவின் கடிலாக் நிறுவனம் மின்சாரத்தில் கிளப்புகிற, மின்சாரத்தில் எரிகிற காரைக் கொண்டுவந்த பிறகுதான் அந்தச் சுடர்கள் மெல்ல மெல்ல மின்குமிழ்களாக மாறின. நாம் பார்க் லைட் என்று சொல்லும் சின்ன விளக்கின் பூட்டன் ஒரு மண்ணெண்ணெய் விளக்கு.

இப்போது எங்கள் முற்றத்துக்கு வருகிறேன். அப்பா கதிரையைப் போட்டு உட்கார்ந்துகொண்டார். வேலை என்னுடையது. விளக்குச் சுவிட்சை அணைத்து, சாவியைக் கழற்றி, பொனட்டைத் திறந்தேன். முன்விளக்குக் கூட்டின் பின்பக்கம் கையை விட்டால், இரண்டு மெல்லிய வயர்கள் போய்ச் சேரும் சின்னப் பிளாஸ்டிக் பிடி ஒன்று விரலில் தட்டுப்படும். அதைக் கடிகாரம் சுற்றுவதற்கு எதிர்ப்பக்கமாகக் கால் சுற்றுத் திருப்பினால் கழன்றுவிடும். மின்குமிழ் அந்தப் பிடியில் திருகில்லாமல் செருகப்பட்டிருக்கும். நேராக இழுக்க வேண்டியதுதான். 12 வோல்ற், 5 வாற். கண்ணாடியின் உட்புறம் கறுத்திருந்தது. டங்ஸ்டன் இழை வருடக்கணக்காக எரிந்து, ஆவியாகி, கண்ணாடியிலேயே படிந்த கறுப்பு அது.

புதியதைச் செருகினேன். எரியவில்லை. கராஜுக்குப் போயிருக்கலாம் என்று எனக்குத் தோன்றிய அந்த நொடியில் அப்பா பிடியின் உள்பக்கத்தைப் பார்க்கச் சொன்னார். இரண்டு செப்புத் தகடுகளும் பச்சை பூத்திருந்தன. உப்புக் காற்று. புத்தளம் கரையில் வாழ்கிறவர்களுக்கு இதைச் சொல்ல வேண்டியதில்லை. யன்னல் கம்பி, தகரம், சைக்கிள் செயின், எல்லாவற்றையும் கடல் கொஞ்சம் கொஞ்சமாகத் தின்கிறது. மெல்லிய உப்புத்தாளைச் சுருட்டித் தகடுகளைத் தேய்த்து, ஊதி, மின்குமிழைச் செருகினேன். பூட்டும் முன்பே சுவிட்சைப் போட்டுப் பார்த்தோம். எரிந்தது. அடுத்த பக்கத்தையும் மாற்றச் சொன்னார் அப்பா. இரண்டும் ஒரே நாளில் வேலைக்கு வந்தவை, ஒன்று போனால் மற்றது அதிக நாள் நிற்காது என்பது அவர் கணக்கு.

நாயுடுவுக்குத் திரும்புகிறேன். பருத்தி வியாபாரத்தில் இறங்கி, பம்பாய்வரை போய்க் கையைச் சுட்டுக்கொண்டார். 1920 இல் ஒரே ஒரு பஸ்ஸை வாங்கி பொள்ளாச்சிக்கும் பழனிக்கும் இடையே தானே ஓட்டினார். அதுதான் யு.எம்.எஸ். என்ற பெரிய பஸ் நிறுவனமாக வளர்ந்தது. பஸ்ஸில் வந்த பணம் பட்டறைகளுக்குப் போனது. 1937 இல் பாலசுந்தரம் நாயுடுவுடன் சேர்ந்து உள்நாட்டிலேயே மின்மோட்டார் ஒன்றைச் செய்தார். பற்றரியில் ஓடும் ரஸன்ட் என்ற சவரக் கருவி, மிக மெல்லிய சவர அலகு, பழச்சாறு பிழியும் இயந்திரம், மோசடி செய்ய முடியாத வாக்குப்பதிவு இயந்திரம் என்று அவர் பட்டியல் நீளம். இடையில் லண்டனில் ஐந்தாம் ஜோர்ஜ் மன்னரின் இறுதி ஊர்வலத்தைத் தன் கமராவில் படம் பிடித்தார். தேர்தலில் நின்று தோற்றார். அது அவருக்கு ஒரு பொருட்டாக இருந்ததாகத் தெரியவில்லை.

அந்தப் பட்டியலில் என்னை நிறுத்தியது மண்ணெண்ணெயில் ஓடும் மின்விசிறி. எங்கள் தலைமுறைக்கு மண்ணெண்ணெய் என்ற சொல்லுக்கு ஒரு தனி வாசம் உண்டு. 1990 க்குப் பிறகு வடக்குக்குப் பெற்றோல், பற்றரி, சீமெந்து எல்லாம் தடை. யாழ்ப்பாணத்தில் மின்சாரம் இல்லை. சைக்கிளைக் கவிழ்த்துவைத்து, மிதியைக் கையால் சுற்றி, டைனமோ மின்சாரத்தில் வானொலிச் செய்தி கேட்டார்கள். அப்பாவின் ஒஸ்ரின் ஏ40 மண்ணெண்ணெயில்தான் ஓடியது. கார்பரேற்றருக்குள் ஒரு மூடி பெற்றோலை விட்டு இயந்திரத்தைக் கிளப்பி, சூடேறியதும் மண்ணெண்ணெய்க்கு மாற்றுவார். வெள்ளைப் புகை தெருவை மறைக்கும். நோயாளிகளையும் பிரசவத்துக்குப் போகிறவர்களையும் அந்தப் புகையோடுதான் ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனார். இதை முதலில் செய்து பார்த்தவர் யார் என்று கேட்டால் அப்பாவுக்குத் தெரியாது. யாரோ ஒரு மெக்கானிக், ஏதோ ஒரு கராஜில், கழற்றிப் பார்த்திருக்கிறார். ஊர் ஊராகப் பரவியது. அவர்களில் பலர் இன்று உயிரோடு இல்லை. அவர்களைப் பற்றி ஒரு கட்டுரைகூட நான் படித்ததில்லை. ஊடகம் படித்து இத்தனை வருடங்களாக எழுதிக்கொண்டிருக்கும் நானும் ஒன்று எழுதவில்லை.

நாயுடுவின் வாழ்க்கையில் அவருக்குத் தெரியாமல் போனதால் நின்ற வேலைகள் குறைவு. அனுமதி கிடைக்காமல் நின்றவைதான் உறுத்துகின்றன. 1941 இல் ஐந்து வால்வு வானொலிப் பெட்டியை 70 ரூபாய்க்குச் செய்ய முடியும் என்று அறிவித்தார். 1952 இல் இருவர் அமரும் பெற்றோல் கார் ஒன்றைச் செய்து முடித்தார். விலை 2,000 ரூபாய். கார் ஓடியது. அரசாங்கம் உற்பத்திக்கு உரிமம் தரவில்லை. அதோடு நின்றது. வெள்ளைக்காரன் போய் ஐந்து வருடம் ஆகியிருந்தது என்பதை இங்கே நினைத்துக்கொள்ள வேண்டும்.

படிப்பு விடயத்திலும் இதேதான். பள்ளியிலிருந்து துரத்தப்பட்டவர் 1945 இல் ஒரு தொழில்நுட்பக் கல்லூரிக்கு அதிபராக இருந்தார். அவருடைய நன்கொடையிலும் முயற்சியிலும் எழுந்த அந்த நிறுவனத்துக்கு அன்றைய சென்னை ஆளுநர் ஆதர் ஹோப்பின் பெயரை வைத்தார்கள். இன்று அது கோயம்புத்தூர் அரசினர் தொழில்நுட்பக் கல்லூரி. நான்கு வருடப் படிப்பு இளைஞர்களின் காலத்தை வீணாக்குகிறது, இரண்டு வருடம் தாராளம் என்பது அவர் கருத்து. வேலைக்குப் போகிறவர்கள் ஓய்வு நேரத்தில் வந்து படிக்கும்படி வகுப்புகள் வைக்க நினைத்தார். ஆங்கிலேய அரசு ஏற்கவில்லை. பதவியை விட்டு விலகினார். இந்த விடயத்தில் அவர் சொன்னது முழுக்கச் சரி என்று நான் நினைக்கவில்லை. கணக்கும் பௌதிகமும் அவசரத்தில் ஏறாது. ஆனால் பதினாறு வயதில் இடம்பெயர்ந்து படிப்பை விட்ட பெடியன்களை இந்தக் கரையில் எத்தனையோ பேரைச் சந்தித்திருக்கிறேன். பகலில் இறால் பண்ணையில் நிற்கிறவனுக்கு இரவில் ஒரு வகுப்புத் திறந்திருந்தால் என்ன ஆகியிருப்பான் என்று கேட்கத் தோன்றுகிறது.

1974 ஜனவரி 4 இல் நாயுடு இறந்தார். 80 வயது. அவர் பெயரால் கோவையில் ஒரு கார் அருங்காட்சியகம் இருக்கிறது, இப்போது மேம்பாலமும் இருக்கிறது.

அப்பாவின் ஒஸ்ரின் 1995 ஒக்டோபர் 30 இரவு வலிகாமத்திலிருந்து சனம் வெளியேறியபோது எங்களோடு சாவகச்சேரிவரை வந்தது. அதற்கப்பால் கிளாலியில் வள்ளம்தான். காரை ஒரு தெரிந்தவர் வளவில் விட்டோம். பிறகு அதைக் காணவில்லை. வன்னி, வவுனியா என்று அலைந்து கடைசியில் அம்மாவின் ஊரான உடப்புக்கு வந்து சேர்ந்தோம். அப்பா இங்கே வான் ஓட்டினார். 2008 இல் ஓர் இரவு கொழும்பிலிருந்து திரும்பும்போது நானும் கூட இருந்தேன். சோதனைச் சாவடியை நெருங்கும்போது முன்விளக்கை அணைத்து, பார்க் லைட்டை மட்டும் வைத்து, உள் விளக்கைப் போட்டு, மெதுவாகப் போக வேண்டும். அன்றைக்கு இரண்டு பார்க் லைட்டும் எரியவில்லை. முன்விளக்கை அணைத்ததும் வான் வெளியே முழு இருட்டானது. எங்களை இறக்கி, கைகளைத் தூக்க வைத்து, ஒன்றரை மணித்தியாலம் வீதியோரம் நிறுத்தினார்கள். அடையாள அட்டையில் பிறந்த இடம் யாழ்ப்பாணம். ஒரு பியூஸ் போயிருந்தது, அவ்வளவுதான். அதன்பிறகு ஒவ்வொரு நாளும் பொழுதுபட முன் அப்பா வாகனத்தைச் சுற்றிவந்து எல்லா விளக்குகளையும் பார்ப்பார். இப்போது வாகனம் என்னுடையது. சோதனைச் சாவடியும் இல்லை. அவர் இன்னும் பார்க்கிறார். போன மாதம் மட்டும் காய்ச்சலில் படுத்திருந்ததால் பார்க்கவில்லை.

இரண்டு பக்கமும் எரிந்ததும் நான் கை கழுவப் போனேன். திரும்பி வந்தபோது அப்பா உள்ளேயிருந்து ஒரு பழைய தகரப் பெட்டியைக் கொண்டுவந்து மடியில் வைத்திருந்தார். அதில் ஒரு கைலேஞ்சியில் சுற்றியபடி இரண்டு சின்ன மின்குமிழ்கள். சாவகச்சேரியில் காரை விட்டபோது அவர் கழற்றி எடுத்துக்கொண்டவை, ஒஸ்ரினின் பார்க் லைட் மின்குமிழ்கள். தடைக் காலத்தில் அவற்றைத் திரும்ப வாங்க முடியாது என்பதால் எடுத்திருக்கிறார். பித்தளை அடியும் இரண்டு முளைகளும் உள்ள பழைய வகை. என் காரில் பொருந்தாது. ஒரு வயர்த் துண்டை எடுத்து, பற்றரியில் ஒன்றைத் தொட்டுப் பார்க்கச் சொன்னார். 12 வோல்ற்தானே, எரியும் என்றார்.

எரிந்தது. மற்றது எரியவில்லை. அதையும் கைலேஞ்சியில் வைத்துச் சுற்றினார்.