கேட்டு எழுதிய துறவி

1529ஆம் ஆண்டு இஸ்பெயினிலிருந்து மெக்சிகோவுக்குக் கப்பலேறியபோது அருட்தந்தை பெர்னார்தினோ தெ சஹகூனுக்கு ஏறத்தாழ முப்பது வயது. சஹகூன் என்னும் ஊரில் பிறந்து, சலமங்கா பல்கலைக்கழகத்தில் பயின்று, பிரான்சிஸ்கன் சபையில் சேர்ந்தவர் அவர். அறுபது ஆண்டுகளுக்கும் மேலாக மெக்சிகோவில் உழைத்து, 1590இல் அந்த மண்ணிலேயே இறந்தார்.

அவர் சென்று சேர்ந்தபோது, ஆஸ்டெக் தலைநகரான தெனோச்தித்லான் இஸ்பானியப் படைகளிடம் வீழ்ந்து எட்டு ஆண்டுகளே ஆகியிருந்தன. அம்மக்கள் மரப்பட்டைத் தாளிலும் மான்தோலிலும் ஓவியங்களால் நூல் எழுதியவர்கள். விசிறிபோல் மடிக்கப்பட்ட அந்நூல்களில் வரலாறும் நாள்காட்டியும் சமயச் சடங்குகளும் இருந்தன. அவற்றுள் பல போரில் அழிந்தன. சிலை வழிபாட்டின் கருவிகள் என்று கருதி மறைபோதகர்கள் எரித்தவையும் உண்டு. தெற்கே யுக்கத்தான் பகுதியில், மாயா மக்களின் சுவடிகளை 1562இல் தீயிலிட்ட தியெகோ தெ லாண்டாவும் ஒரு பிரான்சிஸ்கன் துறவியே. மாயா பழஞ்சுவடிகளில் இன்று எஞ்சியிருப்பவை நான்கே. திருச்சபை வரலாற்றில் நாம் மறைக்கக் கூடாத வேதனையான பக்கம் இது.

அதே சபையைச் சேர்ந்த சஹகூன் வேறு வழியைத் தேர்ந்தார். பழைய தெய்வ வழிபாடு மறைய வேண்டும் என்றுதான் அவரும் விரும்பினார். ஆனால், நோயை அறியாமல் மருத்துவர் மருந்து தர முடியாது. அதுபோல் மக்களை அறியாமல் மறைபோதகர் பணிசெய்ய முடியாது என்று நம்பினார். ஆகவே அவர்களின் நாவாட்ல் மொழியை ஆழமாகக் கற்றார். 1536இல் தலாதெலோல்கோவில் தொடங்கப்பட்ட திருச்சிலுவைக் கல்லூரியில், அந்நாட்டு இளைஞர்களுக்கு இலத்தீன் கற்பித்தார்.

1558இல் சபைத் தலைவரின் ஆணைப்படி பெரும்பணி தொடங்கியது. தெபெபுல்கோ என்னும் ஊரில் பத்துப் பன்னிரண்டு முதியவர்களைத் தேடி, ஏறத்தாழ இரண்டு ஆண்டுகள் அவர்களோடு அமர்ந்து கேள்விகள் கேட்டார். அவர்கள் தங்கள் வழக்கப்படி ஓவியங்களால் பதில் தந்தனர். அவருடைய மாணவர்கள் அவற்றுக்குக் கீழே விளக்கம் எழுதினர். பின்னர் தலாதெலோல்கோ முதியவர்கள் முன்னிலையில் அனைத்தும் மீண்டும் சரிபார்க்கப்பட்டன. உடனுழைத்த அந்தோனியோ வலேரியானோ, மார்த்தின் ஹகோபித்தா உள்ளிட்ட மாணவர்களின் பெயர்களைச் சஹகூன் தம் நூலிலேயே பதிவு செய்துள்ளார்.

கேட்கக் கேட்க அவருடைய நோக்கமும் விரிந்தது. தெய்வங்கள், திருவிழாக்களோடு நில்லாமல், விண்மீன்கள், மூலிகைகள், பறவைகள், வணிகர் வாழ்வு, பெற்றோர் பிள்ளைகளுக்குச் சொல்லும் அறிவுரைகள் எனப் பதிவுகள் பெருகின. இஸ்பானியர் நடத்திய போரைத் தோற்றவர்களின் பார்வையில் சொல்லும் பகுதியும் சேர்ந்தது.

சோதனைகளும் வந்தன. எழுத்தர்களுக்குப் பணம் செலவிடுவது ஏழ்மை வார்த்தைப்பாட்டுக்கு ஒவ்வாது என்று 1570இல் சபையினரே உதவியை நிறுத்தினர். எழுபது வயதைக் கடந்து, கை நடுங்கிய அவரால் தாமே எழுத முடியவில்லை. தாள்கள் பல மடங்களுக்குச் சிதறின. 1575இல் சபையின் புதிய மேலாளர் ரொத்ரீகோ தெ செக்கேரா ஆதரவளிக்கவே பணி மீண்டும் தொடங்கியது. அடுத்த ஆண்டே கொள்ளைநோய் பரவி, மக்கள் திரளாக மடிந்தனர். பிற்பகுதிப் படங்கள் பல வண்ணமின்றிக் கருமையில் நிற்பதற்கு இந்நோயே காரணம் என்று ஆய்வாளர்கள் கருதுகின்றனர். ஆயினும் ஓவியர்களின் கை ஓயவில்லை.

இவ்வாறு 12 பகுதிகளும், நாவாட்ல், இஸ்பானியம் என இரு பத்திகளும், ஏறத்தாழ 2,500 படங்களும் கொண்ட பெருநூல் உருவானது. ஆனால் இத்தகைய நூல்களைப் பறிமுதல் செய்து அனுப்புமாறு மன்னர் இரண்டாம் பிலிப்பு 1577இல் ஆணையிட்டிருந்தார். நூல் கடல் கடந்தது. தம் வாழ்நாள் உழைப்பு அச்சேறுவதைக் காணாமலேயே சஹகூன் கண்மூடினார்.

நூலோ அழியவில்லை. இத்தாலியின் பிளாரன்ஸ் நகரை அடைந்து, இன்றும் லவுரென்சியானா நூலகத்தில் உள்ளது. அதனால்தான் பிளாரன்ஸ் சுவடி எனப்படுகிறது. 2015இல் யுனெஸ்கோ அதனை உலக நினைவுப் பதிவேட்டில் சேர்த்தது. 2023இல் கெட்டி ஆய்வு நிறுவனம் அதன் எல்லாப் பக்கங்களையும் படங்களையும் இணையத்தில் அனைவருக்கும் திறந்து வைத்தது. நாவாட்ல் பேசும் பத்து இலட்சத்திற்கும் அதிகமான மெக்சிகோ மக்கள், தம் முன்னோரின் சொற்களைத் தம் மொழியிலேயே காண இன்று வழியுண்டு.

சஹகூன் அம்மக்களின் தெய்வங்களை இறுதிவரை ஏற்கவில்லை. அவர் தம் காலத்தின் மனிதர். எனினும் பேசுவதற்கு முன் கேட்டார். கேட்டதைக் கேட்டபடியே அவர்களின் மொழியிலேயே எழுதச் செய்தார். நாமும் பிறருக்கு நன்மை செய்யவே விரும்புகிறோம். அதற்குமுன் அவர்கள் அருகே அமர்ந்து, அவர்கள் சொல்வதைப் பொறுமையோடு கேட்கிறோமா?